எதிர்த் தரப்பு தாமதமாகக் கொடுத்த அஃபிடவிட்டைக் கோர்ட் ஏற்றுக்கொண்டது. உயர் நீதிமன்றம் வரை போகலாமா?

டைல்_வேலைக்காரன்:

வணக்கம். கோர்ட் நடைமுறை தெரிந்தவர்கள் வழி சொல்ல வேண்டும்.

சிங்கப்பூரில் டைல் ஒட்டுவது, வாட்டர்ப்ரூஃபிங் செய்வது என்று சொந்தமாகச் சிறிய தொழில் நடத்துகிறேன். லிட்டில் இந்தியா பக்கம் ஒரு சாப்பாட்டுக் கடையின் சமையலறைத் தரையை முழுவதும் உடைத்துப் புதிதாகப் போட்டுக் கொடுத்தேன். 34,000 வெள்ளி பாக்கி. கீழே தண்ணீர் கசிகிறது, வேலை சரியில்லை என்று சொல்லிப் பணத்தை நிறுத்திவிட்டார்கள். கசிவு வருவது பழைய குழாயிலிருந்து. உடைத்த அன்றே எடுத்த படங்கள் என்னிடம் இருக்கின்றன. சிறு கோரிக்கை மன்றத்தில் 20,000 வரைதான் கேட்கலாம், இரு தரப்பும் ஒத்துக்கொண்டால் 30,000. அதனால் மேஜிஸ்ட்ரேட் கோர்ட்டுக்குப் போனேன். வக்கீல் வைக்க வசதி இல்லை. நானேதான் நிற்கிறேன்.

சாட்சிகளின் அஃபிடவிட்டை, அதாவது சத்தியம் செய்து எழுதிக் கொடுக்கும் வாக்குமூலத்தை, இரு தரப்பும் ஒரே நாளில் கொடுத்து வாங்க வேண்டும் என்று உத்தரவு. பகலெல்லாம் சைட்டில் வேலை, ராத்திரி உட்கார்ந்து எழுதி, கெடு முடியும் முன் என்னுடையதைக் கொடுத்துவிட்டேன். அவர்கள் கொடுக்கவில்லை. 16 நாள் கழித்து வந்து, ஃபைலைப் பார்த்துக்கொண்டிருந்த வக்கீல் வேலையை விட்டுப் போய்விட்டார், புதிதாக எடுத்தவருக்குக் கெடு தெரியாமல் போய்விட்டது என்றார்கள். இந்த மாதிரி நடைமுறை விஷயங்களை முடிவு செய்யும் கோர்ட் அதிகாரியான டெபுட்டி ரிஜிஸ்ட்ரார் ஏற்றுக்கொண்டார். அவர்கள் எனக்கு ஒரு சிறு தொகையைச் செலவுத்தொகையாகக் கொடுக்க வேண்டும் என்றார். நான் மாவட்ட நீதிபதியிடம் முறையிட்டேன். அவரும் மாற்ற மறுத்துவிட்டார்.

கெடு என்று ஒன்று வைத்துவிட்டு இப்படி விட்டுக்கொடுத்தால், நேரத்தோடு கொடுத்தவனுக்கு என்ன மரியாதை? என் அஃபிடவிட்டைப் படித்துவிட்டுத்தானே அவர்கள் தங்களுடையதை எழுதியிருப்பார்கள்? உயர் நீதிமன்றத்துக்குப் போனால் இந்த முடிவு மாறுமா?

அங்_மோ_கியோ_ராஜா:

கண்டிப்பாகப் போங்கள். வக்கீல் வேலையை விட்டுப் போனது அவர்கள் அலுவலகத்துப் பிரச்சினை. அதற்கு நீங்கள் ஏன் காத்திருக்க வேண்டும்? இதே தவறை வக்கீல் இல்லாத நீங்கள் செய்திருந்தால் விட்டிருப்பார்களா என்று கேளுங்கள். கீழே இருப்பவர் தவறு செய்தால் திருத்தத்தானே மேலே ஒரு கோர்ட் இருக்கிறது.

பழைய_கிளார்க்:

தம்பி, நான் வக்கீல் இல்லை. வழக்கறிஞர் அலுவலகங்களில் லிட்டிகேஷன் கிளார்க்காக வேலை பார்த்து ஓய்வு பெற்றவள். ஹேவ்லாக் ஸ்குவேர் கோர்ட்டில் கவுன்டர் முன்னால் வரிசையில் நின்று காகிதத்தில் முத்திரை வாங்கிய காலத்திலிருந்து, எல்லாம் மின்-பதிவாக மாறி, 2013-ல் ஈ-லிட்டிகேஷன் என்ற இணையப் பதிவு முறை வந்தது வரை இந்த வேலைதான். கெடு என்பதுதான் என் பிழைப்பாக இருந்தது. அதனால் உங்கள் கோபம் எனக்கு நன்றாகப் புரிகிறது. ஆனாலும் போக வேண்டாம் என்றுதான் சொல்வேன். காரணத்தைக் கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன், ஏனென்றால் இதைச் சரியாகப் புரிந்துகொள்ளாமல் பணத்தையும் நாளையும் இழந்தவர்களை நிறையப் பார்த்திருக்கிறேன்.

நீங்கள் கேட்கும் கேள்வி, 'அவர்களை மன்னித்தது சரியா' என்பது. உயர் நீதிமன்றம் அந்தக் கேள்வியையே எடுக்காது. 'மன்னிக்க அவருக்கு இடம் இருந்ததா' என்றுதான் பார்க்கும். இரண்டும் ஒன்று போலத் தோன்றும். ஆனால் மேல்முறையீடு நிற்பதும் விழுவதும் இந்த இடத்தில்தான்.

இந்த வட்டாரத்தில் கால நீட்டிப்பு என்றாலே எல்லோரும் எடுக்கும் வழக்கு ரத்தினம் எதிர் குமாரசாமி, 1964. மலாயாவிலிருந்து, அப்போது கடைசி மேல்முறையீட்டு மன்றமாக இருந்த லண்டன் பிரிவி கவுன்சில் வரை போனது. மேல்முறையீட்டு ஆவணத் தொகுப்பை நேரத்துக்குக் கொடுக்கவில்லை, அவகாசம் கேட்டார்கள், இங்கே மறுத்துவிட்டார்கள், லண்டனிலும் கிடைக்கவில்லை. 'விதிகளுக்குக் கீழ்ப்படிந்தே ஆக வேண்டும், அவகாசம் தருவதற்கு ஏதாவது ஆதாரம் இருக்க வேண்டும்' என்ற வரியை அதிலிருந்து எடுத்து எல்லோரும் வாதாடுவார்கள். நீங்களும் அந்த வரியைத்தான் பிடித்துக்கொள்வீர்கள். ஆனால் அதே தீர்ப்பில் இன்னொன்றும் இருக்கிறது. கீழ்க் கோர்ட் தன் விருப்புரிமையை, அதாவது இப்படியும் அப்படியும் முடிவெடுக்கத் தனக்கு இருக்கும் உரிமையை, சரியாகவே பயன்படுத்தியது என்றுதான் மேல் கோர்ட் தொடங்க வேண்டும். தவறான அடிப்படையில் முடிவெடுத்தார், முடிவு வேறு மாதிரிதான் இருந்திருக்க வேண்டும் என்று தெளிவாகத் தெரிந்தாலோ, நீதியே பிறழ்ந்துவிட்டது என்றாலோ தவிர, தலையிடக் கூடாது. அந்த இரண்டாவது பகுதிதான் இப்போது உங்களுக்கு எதிரே நிற்கிறது.

சிங்கப்பூர் மேல்முறையீட்டு நீதிமன்றம் 'விஷ்வ அபூர்வா' என்ற கப்பல் வழக்கில், 1992-ல், இதை இன்னும் எளிமையாகச் சொன்னது. அது தாமத வழக்கு இல்லை, ஆனால் விருப்புரிமை பற்றிய எல்லா முறையீட்டுக்கும் அதைத்தான் காட்டுவார்கள். நீதிபதி சட்டத்தைத் தவறாக எடுத்துக்கொண்டாரா? பார்க்கக் கூடாததைப் பார்த்தாரா, அல்லது பார்க்க வேண்டியதை விட்டாரா? முடிவு வெளிப்படையாகவே தவறா? இவற்றில் ஒன்றைக் காட்ட வேண்டும். 'நான் அந்த நாற்காலியில் இருந்தால் வேறு மாதிரி செய்திருப்பேன்' என்று மேல் நீதிபதியே நினைத்தாலும் போதாது.

உங்கள் தொழிலை வைத்தே சொல்கிறேன். சமையலறைத் தரைக்குச் சரிவு வைக்கும்போது இன்னொரு மேஸ்திரி வேறு மூலையிலிருந்து தொடங்கியிருப்பார் என்பது உங்கள் வேலையில் குறை ஆகாது. தண்ணீர் வடிகாலுக்குப் போகாமல் தேங்கி நின்றால்தான் குறை. மேல் கோர்ட் தேங்கும் தண்ணீரைத்தான் தேடும்.

இப்போது அந்த டெபுட்டி ரிஜிஸ்ட்ரார் எதைப் பார்த்திருப்பார்? எவ்வளவு நாள் தாமதம், ஏன் தாமதம், உங்களுக்கு என்ன பாதிப்பு, அந்தப் பாதிப்பைப் பணத்தால் ஈடு செய்ய முடியுமா. 16 நாள் என்பது விசாரணைத் தேதி தள்ளிப்போகாதவரை பெரிதில்லை. காரணம் பலவீனமானது, ராஜா சொல்வது அந்த அளவில் சரி. அலுவலகத்தில் ஆள் மாறியதைச் சொல்லி உதை வாங்கிய வக்கீல்களை நான் பார்த்திருக்கிறேன். ஆனால் 1998-ல் 'தோக்காய் மாரு' வழக்கில் மேல்முறையீட்டு நீதிமன்றம், இங்கிலாந்தில் பிங்காம் என்ற நீதிபதி சொன்னதை எடுத்துக்கொண்டது. ஒரு நடைமுறைத் தவறுக்காக ஒருவரின் வழக்கையே அடைத்துவிடுவது அரிதாகத்தான் நியாயமாகும், மறுபக்கத்துக்கு நேர்ந்ததைச் செலவுத்தொகையால் சரிசெய்ய முடியும் என்றால். அந்த அஃபிடவிட் இல்லாவிட்டால் கடைக்காரருக்குச் சாட்சியே இல்லை. டெபுட்டி ரிஜிஸ்ட்ரார் இதை நினைத்து முடிவெடுத்திருந்தால் அதில் சட்டத் தவறு எங்கே என்று காட்டுவீர்கள்?

நீங்கள் மாவட்ட நீதிபதியிடம் போனது தவறான காரியம் இல்லை. ரிஜிஸ்ட்ராரிடமிருந்து நீதிபதிக்குப் போவது வேறு வகை. அங்கே நீதிபதி தானே புதிதாகப் பார்க்கலாம் என்பது 1937-ல் எவன்ஸ் எதிர் பார்ட்லம் வழக்கில் இங்கிலாந்துப் பிரபுக்கள் சபை சொன்னது, இங்கேயும் அதுதான் வழக்கம். ஆக, இருவர் உங்கள் விஷயத்தைத் தங்கள் கண்ணால் பார்த்துவிட்டார்கள். இதற்கு மேலேதான் கதவு கனமாகிறது. 2022 ஏப்ரல் 1 முதல் நடைமுறையில் இருக்கும் புதிய நீதிமன்ற விதிகளும் இதை எழுதியே வைத்திருக்கின்றன: இப்படிப்பட்ட விண்ணப்பங்களில் மேல் கோர்ட் கீழ்க் கோர்ட்டுக்கு முடிந்த அளவு சுதந்திரம் தர வேண்டும், கணிசமான அநீதி நேரும் என்றால் மட்டும் நுழைய வேண்டும்.

இன்னொரு கதவும் இருக்கிறது. 60,000 வெள்ளியைத் தாண்டாத வழக்குகளில் உயர் நீதிமன்றத்துக்குப் போக முதலில் அனுமதி வாங்க வேண்டும். அனுமதி எப்போது கிடைக்கும் என்பது லீ குவான் இயூ எதிர் டாங் லியாங் ஹோங், 1997 வழக்கில் இருக்கிறது. மேலோட்டமாகப் பார்த்தாலே தெரியும் தவறு இருக்க வேண்டும், அல்லது முதல் முறையாக எழும் பொதுவான சட்டக் கேள்வி, அல்லது மேல் கோர்ட் தீர்த்து வைத்தால் ஊருக்கே பயன்படும் முக்கியமான கேள்வி. அடுத்த இரண்டு ஆண்டில் அப்துல் ரஹ்மான் பின் ஷரீஃப் வழக்கில், அந்தத் தவறு சட்டத் தவறாக இருக்க வேண்டும், விவரத்தை எடைபோட்டதில் உள்ள தவறு போதாது என்று உயர் நீதிமன்றம் சொன்னது. சில இடைக்கால உத்தரவுகளை மேல்முறையீடே செய்ய முடியாது என்று உச்ச நீதிமன்ற நீதித்துறைச் சட்டத்தின் அட்டவணைகளில் போட்டிருக்கிறார்கள். உங்கள் உத்தரவு அதில் விழுகிறதா என்பதையும் காகிதத்தைக் கையில் வைத்துக்கொண்டு ஒரு வக்கீல்தான் பார்க்க வேண்டும்.

மேல் கோர்ட் இப்படி ஒதுங்கி நிற்பது நியாயமானது என்றே நான் நம்புகிறேன். நடைமுறை உத்தரவு ஒவ்வொன்றும் மேலே போக முடிந்தால் பணம் உள்ள கட்சி ஒவ்வொன்றையும் மேலே கொண்டுபோகும். உங்கள் கடைக்காரருக்கு வக்கீல் இருக்கிறார், உங்களுக்கு இல்லை. நாளை ஒரு கால நீட்டிப்பு உங்களுக்குக் கிடைத்து, அதை எதிர்த்து அவர்கள் உயர் நீதிமன்றம் போனால் 34,000 வெள்ளி எப்போது கைக்கு வரும்?

ஆனால் உங்கள் கேள்வியில் ஒரு வரி என்னை நிறுத்தியது. உங்கள் அஃபிடவிட்டைப் படித்துவிட்டு அவர்கள் எழுதியிருப்பார்கள் என்றீர்களே, அது உண்மையான பாதிப்பு. ஒரே நாளில் கொடுத்து வாங்கச் சொல்வதே அதைத் தடுக்கத்தான். இதை டெபுட்டி ரிஜிஸ்ட்ராரிடமும் நீதிபதியிடமும் சொன்னீர்களா? என்ன பதில் வந்தது?

மதுரைக்காரன்_பூன்_லே:

அம்மா நன்றாகச் சொன்னார்கள். ஒன்று சேர்க்கிறேன். நான் இங்கே வருவதற்கு முன் மதுரையில் ஒரு வக்கீலிடம் ஜூனியராக இருந்தேன். எங்கள் பக்கத்து வழக்கு ஒன்று இதற்கு அப்படியே பொருந்தும்: என். பாலகிருஷ்ணன் எதிர் எம். கிருஷ்ணமூர்த்தி, இந்திய உச்ச நீதிமன்றம், 1998. தாமதம் 883 நாள். 16 இல்லை, 883. வக்கீல் கைவிட்டதால் வந்த தாமதம். கீழ்க் கோர்ட் காரணத்தை ஏற்று மன்னித்தது. சென்னை உயர் நீதிமன்றம் சீராய்வில் அதை ரத்து செய்தது. உச்ச நீதிமன்றம் கீழ்க் கோர்ட் உத்தரவையே திரும்பக் கொண்டுவந்தது.

அதில் சொன்னதுதான் முக்கியம். முதல் கோர்ட் காரணத்தை ஏற்று மன்னித்துவிட்டால் மேல் கோர்ட் சாதாரணமாக அதைத் தொடக் கூடாது, துளியும் நிற்காத காரணமாகவோ தான்தோன்றித்தனமாகவோ இருந்தால் ஒழிய. ஆனால் முதல் கோர்ட் மன்னிக்க மறுத்திருந்தால் மேல் கோர்ட் அதைப் புதிதாகப் பார்க்கலாம். அதாவது மேல் கோர்ட்டின் கை எல்லாத் திசையிலும் ஒரே மாதிரி கட்டப்படவில்லை. மன்னித்தால் வழக்கு நடக்கும், யாருக்கும் கடைசி வார்த்தை பறிபோகவில்லை. மறுத்தால் ஒருவருக்குக் கதை முடிந்தது. எனக்கு இந்தப் பிரிவு மிகவும் நியாயமாகப் படுகிறது. சிங்கப்பூரில் இப்படிப் பிரித்துப் பார்க்கிறார்களா?

பழைய_கிளார்க்:

மதுரைத் தம்பி, நல்ல வழக்கு. நான் பார்த்த அளவில் இங்கே அப்படி இரண்டு அளவுகோல் வைத்துப் பேசுவதில்லை. ரத்தினம் வழக்கே மறுத்த வழக்குதான். மறுத்ததைக்கூட அந்தக் கடுமையான அளவுகோலில்தான் பார்த்தார்கள். இங்கிலாந்தில் 2013-ல் ஆண்ட்ரூ மிட்செல் வழக்கு இன்னும் கடுமை. வழக்குக்கு எவ்வளவு செலவாகும் என்ற செலவுத் திட்டத்தை ஏழு நாள் முன்பே கொடுக்க வேண்டியவர்கள் விசாரணைக்கு முந்தின நாள் கொடுத்தார்கள். 5,06,425 பவுண்டு எதிர்பார்த்தவர்களுக்குக் கோர்ட் கட்டணம் மட்டும்தான் என்று மாஸ்டர், அதாவது அங்கே நடைமுறை விஷயங்களைப் பார்க்கும் நீதிபதி, முடிவெடுத்தார். மேல்முறையீட்டு நீதிமன்றம் அதில் கை வைக்கவில்லை. அடுத்த ஆண்டே டென்டன் வழக்கில், கீழ்க் கோர்ட்கள் மிட்செலைத் தவறாகப் புரிந்துகொண்டு மிகக் கடுமையாக நடக்கின்றன என்று விளக்கம் சொல்ல வேண்டி வந்தது. ஒதுங்கி நிற்பது என்பது கடுமையை ஒதுங்கி நின்று பார்ப்பதாகவும் ஆகிவிடலாம். அதனால் மனதளவில் உங்கள் பாலகிருஷ்ணன் பக்கம்தான் நான் நிற்கிறேன். மறுக்கும் முடிவில் 'கணிசமான அநீதி' சுலபமாகத் தென்படும், அந்த வழியாக இங்கேயும் ஏறக்குறைய அதே இடத்துக்கு வந்து சேரலாம்.

இதில் எனக்கு ஒரு கவலை உண்டு. மேல் கோர்ட் ஒதுங்கி நிற்க வேண்டுமென்றால் கீழே இருப்பவர் ஏன் அப்படி முடிவெடுத்தார் என்பது இரண்டு வரியாவது பதிவில் இருக்க வேண்டும். காரணம் தெரியாத முடிவுக்கு மரியாதை கொடு என்று வக்கீல் இல்லாத ஒருவரிடம் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. முடிவு அன்றே, 'காரணத்தைச் சொல்லுங்கள், குறித்துக்கொள்கிறேன்' என்று பணிவாகக் கேட்டுவிடுவது நல்லது.

டைல்_வேலைக்காரன்:

எல்லோருக்கும் நன்றி. அம்மா கேட்டதற்குப் பதில். என்னுடையதைப் படித்துவிட்டார்கள் என்பதை டெபுட்டி ரிஜிஸ்ட்ராரிடம் சொல்லவில்லை. அப்போது அவர்களுடைய அஃபிடவிட் என் கைக்கு வரவில்லை. மாவட்ட நீதிபதியிடம் சொன்னேன். அவர், 'அது விசாரணையில் கேட்க வேண்டிய விஷயம், பதில் அஃபிடவிட் வேண்டுமென்றால் அடுத்த வழக்கு மாநாட்டில் கேளுங்கள்' என்றார். விசாரணைக்கு முன் கோர்ட் இரு தரப்பையும் கூப்பிட்டு அடுத்த வேலைகளை முடிவு செய்வதுதான் அந்த மாநாடு. அதைத் தட்டிக்கழிக்கிறார் என்றுதான் நினைத்தேன். இப்போது அவர்களுடையதை எடுத்து மறுபடி படித்தேன். நான் 11-ஆம் பத்தியில் குழாயைப் பற்றிச் சொன்னதற்கு வரிக்கு வரி பதில் எழுதியிருக்கிறார்கள். குழாயை ஒரு ப்ளம்பர் வந்து பார்த்து நன்றாக இருக்கிறது என்றாராம். அதற்கு முன் அனுப்பிய எந்தக் கடிதத்திலும் அந்த ப்ளம்பர் கிடையாது.

அனுமதிக்கான கெடு இன்னும் முடியவில்லை. என்ன செய்யட்டும்?

பழைய_கிளார்க்:

நீதிபதி தட்டிக்கழிக்கவில்லை தம்பி. வழியைக் காட்டியிருக்கிறார். உங்களுக்கு நேர்ந்த பாதிப்புக்கு மருந்து அந்தப் பதில் அஃபிடவிட்தான். அந்த மருந்து கீழேயே கிடைக்கும்போது 'கணிசமான அநீதி' என்று மேலே போய்ச் சொல்ல முடியாது. முதலில் கேட்பார்கள், பதில் அஃபிடவிட் கேட்டீர்களா என்று.

செய்ய வேண்டியது இது. அடுத்த மாநாட்டுக்குக் காத்திருக்காமல் இப்போதே கோர்ட்டுக்கும் எதிர்த் தரப்பு வக்கீலுக்கும் கடிதம் எழுதுங்கள். உங்கள் 11-ஆம் பத்தியையும் அவர்கள் பதில் எழுதிய பத்தியையும் பக்கத்தில் பக்கத்தில் போட்டு, அந்த ப்ளம்பர் விஷயத்துக்கு மட்டும் சுருக்கமான பதில் அஃபிடவிட் கொடுக்க அனுமதி கேளுங்கள். எல்லாவற்றுக்கும் பதில் எழுதாதீர்கள், அது வேண்டாம் என்பார்கள். உடைத்த அன்றைய படங்கள் தேதியோடு இருந்தால் அதில் இணையுங்கள். ப்ளம்பர் சாட்சியாக வருகிறாரா, அவர் எழுதிய ரிப்போர்ட், பில், ஏதாவது இருக்கிறதா என்றும் கேளுங்கள். அவர் வரவில்லை என்றால் கடைக்காரர் இன்னொருவர் சொன்னதை எடுத்துச் சொல்கிறார் என்று ஆகிவிடும், அதை விசாரணையில் எதிர்க்கலாம்.

அதே கடிதத்தில் இன்னும் இரண்டு. பதில் அஃபிடவிட் தயாரிக்கும் செலவை அவர்கள் தர வேண்டும் என்று கேளுங்கள், ஏனென்றால் இந்த வேலை அவர்கள் தாமதத்தால் வந்தது. அப்புறம், இனி வரும் கெடுக்களுக்கு 'இந்தத் தேதிக்குள் செய்யாவிட்டால் இன்னது நடக்கும்' என்று விளைவோடு சேர்ந்த உத்தரவு கேளுங்கள். அன்லெஸ் ஆர்டர் என்பார்கள். அதை மீறினால் அடுத்த முறை ஆள் மாறிவிட்டார் என்று சொல்லித் தப்புவது மிகவும் கடினம்.

அனுமதி விஷயத்தை நீங்களாக முடிவு செய்யாமல் கெடு முடிவதற்குள் ஒருவரிடம் காட்டிவிடுங்கள். ப்ரோ போனோ எஸ்ஜி நடத்தும் இலவச சட்ட ஆலோசனைக்கு முன்பதிவு செய்யலாம். போகும்போது உத்தரவின் நகல், இரண்டு அஃபிடவிட், நீதிபதி சொன்னதை நீங்கள் எழுதி வைத்த குறிப்பு, எல்லாவற்றையும் தேதி வரிசையில் கிளிப் போட்டு எடுத்துப் போங்கள். ஆலோசனை நேரம் குறைவு, தேடிக்கொண்டிருந்தால் அதிலேயே போய்விடும்.

டைல்_வேலைக்காரன்:

சரிங்கம்மா. கடிதத்தை இன்று இரவே எழுதுகிறேன். செலவு என்று எவ்வளவு கேட்பது? எனக்கு வக்கீல் இல்லையே, அப்போதும் கேட்கலாமா?

பழைய_கிளார்க்:

கேட்கலாம். வக்கீல் இல்லாதவருக்கும் அவர் செலவிட்ட நேரத்துக்கும் கைக்காசுக்கும் கோர்ட் ஈடு கொடுக்க முடியும். வக்கீல் கட்டண அளவுக்கு எதிர்பார்க்காதீர்கள். ஆவணங்களை மின்-பதிவு செய்து தரும் சர்வீஸ் பியூரோவில் கட்டியது, நகல் எடுத்தது, சத்தியம் செய்ய கமிஷனருக்குக் கொடுத்தது, வேலைக்குப் போகாமல் கோர்ட்டுக்கு வந்த நாட்கள், எல்லாவற்றுக்கும் ரசீதும் கணக்கும் வைத்துக்கொள்ளுங்கள். தொகையை ஒரு வரியில் மொத்தமாகச் சொல்லாமல் பிரித்துக் காட்டுங்கள். கடிதம் எழுதியதும் பெயர்களை மறைத்துவிட்டு இங்கே போடுங்கள், பார்த்துச் சொல்கிறேன்.